டேஞ்சர் சோன் ரிவியூ: சுடுறதுக்கு முந்தி யோசிக்க வச்ச பேட்டில் ரோயல்

கவுண்டர் ஸ்ட்ரைக் க்ளோபல் ஒஃபென்சிவ்ங்கிற துவக்குச் சண்டை கேம்ல 2018 டிசம்பர் 6ஆம் திகதி டேஞ்சர் சோன்னு ஒரு பேட்டில் ரோயல் மோட் (எல்லாரும் ஒரே மெப்ல இறங்கி, கடைசி வரைக்கும் உசிரோட இருக்குறவன் ஜெயிக்கிற ஆட்டம்) வந்துச்சு, அன்னைக்கே கேமையும் ஃப்ரீ ஆக்கிட்டாங்க. 2023 செப்டம்பர்ல கவுண்டர் ஸ்ட்ரைக் 2 வந்தப்போ அதுல அந்த மோட் இல்ல. எடுத்துப் போட்ட ஒன்னுக்கு இப்ப என்னத்துக்கு ரிவியூன்னு கேப்பீங்க. நானும் என் சித்தப்பா மகனும் சேந்து ஒரு வருஷமா நம்ம தேயிலை மலைய வச்சு ஒரு மெப் செஞ்சுக்கிட்டு இருக்கோம், கவுண்டர் ஸ்ட்ரைக் மாதிரி யோசிச்சு நிதானமாச் சுடுற டெக்டிகல் ஷூட்டருக்குள்ள பேட்டில் ரோயல் எப்படி உக்காரணும்னு பாக்க வந்த கேம் போன கேம் எல்லாம் விளையாடிப் பாத்துட்டோம், ஆனா எந்தப் பக்கம் சுத்துனாலும் கடைசியில இந்த மோட்லதான் வந்து நிக்கிறோம். அதுதான் எழுதுறேன்.

மொத மொதல்ல நான் இதை விளையாடுனது 2019ல, இலங்கையில நம்ம ஹட்டன் டவுன்ல ஒரு கேம் சென்டர்ல. மணிக்கணக்குக்கு சல்லி குடுத்துத்தான் உக்காரணும். பப்ஜி அப்போ எல்லாருக்கும் போன்ல இருந்துச்சு, ஆனா பப்ஜில ஒரு மெட்ச் நல்லாப் போனா அரை மணித்தியாலம் ஓடும், ஒரு மணித்தியாலம் எடுத்தா ரெண்டு மெட்ச்தான். டேஞ்சர் சோன்ல ஒரு மெட்ச் சுமார் பத்து நிமிஷம். தலவாக்கலைக்குப் போற கடைசி பஸ்ஸுக்கு முந்தி நாலு அஞ்சு தடவை செத்து, நாலு அஞ்சு தடவை ஏன் செத்தோம்னு பேசிக்கிட்டே ஸ்டேண்டுக்கு நடக்கலாம். அந்தப் பேச்சுதான் எங்கள மெப் செய்யுற வரைக்கும் கொண்டு வந்துச்சு.

இப்ப விஷயத்துக்கு வாறேன். டெக்டிகல் ஷூட்டரும் பேட்டில் ரோயலும் அடிப்படையில ஒன்னுக்கொன்னு எதிர். கவுண்டர் ஸ்ட்ரைக்ல அஞ்சுக்கு அஞ்சு, மெப் மனப்பாடம், எந்த மூலையில ஆள் நிப்பான்னு தெரியும், அவன் கையில எவ்வளவு சல்லி இருக்கும், ஏகே 47 வாங்க 2700 இருக்குமா தூரத்துல இருந்து சுடுற ஏடபிள்யூபி வாங்க 4750 இருக்குமான்னு கூட போன ரவுண்ட வச்சே கணக்குப் போடலாம். பேட்டில் ரோயல்ல ஒன்னுமே தெரியாது. எதிரி எங்க, எத்தனை பேர், கையில என்ன, ஒன்னும் தெரியாது, அந்தத் தெரியாத பயந்தான் அங்க விளையாட்டே. ரெண்டையும் சேக்கணும்னா வெறுமன மெப்ப பெருசாக்கி ஆளக் கூட்டிட்டா சரின்னு நிறையப் பேர் நினைக்கிறாங்க. அப்படிச் செஞ்சா ரெண்டும் கெட்டுப்போகும். ஓடி ஓடிக் களைச்சு, ஒரு இடத்துல எங்கயோ இருந்து வந்த குண்டுல சாகுறதுக்கு டெக்டிகல்னு பேர் வைக்க ஏலாது.

டேஞ்சர் சோன் செஞ்சவங்க இதுக்குக் கண்டுபிடிச்ச வழி டேப்லட். ஆரம்பிக்கையில உங்ககிட்ட துவக்கு கிடையாது, ரெண்டு கையும் ஒரு டேப்லட்டும்தான். அந்தத் திரையில மெப் முழுக்க தேன்கூடு மாதிரி ஆறு மூலைக் கட்டம் கட்டமாப் பிரிச்சிருக்கும், எந்தக் கட்டத்துல ஆள் இருக்குன்னு காட்டும். கட்டத்தத்தான் காட்டும், ஆளக் காட்டாது. பக்கத்துக் கட்டத்துல ஒருத்தன் இருக்கான்னு தெரியும், ஆனா அவன் வீட்டுக்குள்ளயா மரத்துக்குப் பின்னாலயா, கையில சுத்தியலா துவக்கான்னு தெரியாது. பாதி தெரியும் பாதி தெரியாது. அந்தப் பாதியிலதான் இந்த மோட் உசிரோட இருக்கு. அதுலயும் டேப்லட்டுக்கு மெப்ல அப்கிரேட் கிடக்கும், கட்டத்த இன்னும் சின்னதாப் பிரிச்சுக் காட்டுறது ஒன்னு, சோன், அதாவது மெப்ப மூடிக்கிட்டே வாற ஆபத்தான பகுதி, அடுத்து எங்க வரப்போகுதுன்னு காட்டுறது இன்னொன்னு, ட்ரோன் யாருக்குப் போகுதுன்னு காட்டுறது இன்னொன்னு. துவக்கத் தேடுறதா தகவலத் தேடுறதான்னு ஒவ்வொரு நிமிஷமும் முடிவு எடுக்கணும். டேப்லட் கையில இருக்கும்போது சுடவும் ஏலாது.

அடுத்தது சல்லி. கவுண்டர் ஸ்ட்ரைக்ல ரவுண்டுக்கு ரவுண்டு சல்லி வரும், தோத்தாலும் கொஞ்சம் வரும், அதை வச்சுத்தான் சேமிக்கிறதும் முழுசாப் போட்டு வாங்குறதும். பேட்டில் ரோயல்ல ஒரே உசிரு, ரவுண்டே இல்ல, அப்ப அந்தப் பொருளாதாரத்த எங்க வைக்கிறது? இவங்க அதை தரையில வச்சாங்க. மெப் முழுக்க நோட்டுக் கட்டு கிடக்கும், பெட்டிய உடைச்சா கிடைக்கும், பணயக்கைதியத் தூக்கிக்கிட்டுப் போயி சேத்தா கிடைக்கும், டேப்லட்ல வாற மிஷன செஞ்சா கிடைக்கும். சேத்த சல்லிய டேப்லட்லயே குடுத்து ஓடர் பண்ணுனா ட்ரோன் ஒன்னு வந்து பெட்டியப் போட்டுட்டுப் போகும்.

அந்த ட்ரோன்தான் இந்த மோட்லயே கெட்டிக்கார வேலை. ஒரு மெட்ச் எனக்கு இன்னும் கண்ணு முன்னால நிக்குது. ப்ளெக்சைட் மெப், நானும் தம்பியும் ரெண்டு பேர் டீம். என்கிட்ட ஒரு பிஸ்டல், தோட்டா விரல் விட்டு எண்ணலாம், அவன்கிட்ட ஒரு கோடாலி மட்டும். ஒரு கொட்டிலுக்குப் பின்னால பதுங்கி இருக்கோம், எங்க கட்டத்துக்கு அடுத்த கட்டத்துல ஆள் காட்டுது. நான் எட்டிப் பாக்கப் போனேன், அவன் "அண்ணே, அவசரப்படாதீங்க, அவன் வாங்கட்டும்"னான். எனக்கு விளங்கல. கொஞ்ச நேரத்துல தலைக்கு மேல ஒரு இரைச்சல், ட்ரோன் பெட்டியத் தொங்கவிட்டுக்கிட்டு பைய்யப் போகுது, நாங்க அதைப் பாத்துக்கிட்டே கீழ நடந்தோம், அது போயி நின்ன இடத்துல ஒரு ஆள் அண்ணாந்து பாத்துக்கிட்டு நிக்கிறான். தம்பி கோடாலிய எறிஞ்சான், நான் ரெண்டு சுட்டேன், முடிஞ்சுது. பெட்டிய உடைச்சா உள்ள அவன் சல்லியில வாங்குன ரைபிள். பொருள் வாங்குனா ஆயுதம் கிடைக்கும், ஆனா வாங்குறவன் எங்க இருக்கான்னு ஊருக்கே தெரிஞ்சுபோகும். ட்ரோனையே சுட்டு விழுத்தலாம், ஆனா சுட்டா சத்தம், சத்தம் கேட்டா நீங்க இருக்குற இடம் தெரியும். ஒவ்வொரு நல்லதுக்கும் ஒரு வெலை. கவுண்டர் ஸ்ட்ரைக்கோட மனசு அப்படியே பேட்டில் ரோயலுக்குள்ள வந்திருக்குன்னு நான் சொல்றது இதைத்தான்.

அளவப் பத்தி கொஞ்சம் சொல்லணும், ஏன்னா மெப் செய்ய இறங்குனதுக்குப் பொறகுதான் எனக்கே இது விளங்குச்சு. டேஞ்சர் சோன்ல தனியா விளையாடுனா 16 பேர், டீமா விளையாடுனா 18 பேர். பப்ஜில 100 பேர், எரங்கல் மெப் 8க்கு 8 கிலோமீட்டர். அப்போ நான் இது என்ன சின்னப்புள்ள மெட்ச்னு நினைச்சேன். மெப் செய்யுற சொஃப்ட்வேர் ஹெமர் எடிட்டர்ல வேலை செய்யும்போதுதான் கவுண்டர் ஸ்ட்ரைக் ஓடுற சோர்ஸ் எஞ்சினுக்கு ஒரு எல்லை இருக்கிறது தெரிஞ்சுது, ஒரு பக்கம் 32,768 யூனிட்டுக்கு மேல போக ஏலாது. கட்டிடம் கட்டுறதுக்கு 16 யூனிட்ட ஒரு அடின்னு வைப்பாங்க, அந்தக் கணக்குல ஒரு பக்கம் 2048 அடி, கிட்டத்தட்ட 624 மீட்டர். ஒரு கிலோமீட்டர் கூட இல்ல. அந்த எல்லைக்குள்ள 100 பேர விட்டா சந்தைக் கூட்டம். 16 பேர்னா சரியா, ஒருத்தன் சுட்டா மத்தவனுக்குக் கேக்குற தூரத்துல எல்லாரும் இருப்பாங்க, யாரும் மூனு நாலு நிமிஷம் ஆளே பாக்காம ஓட வேண்டியதில்ல. எல்லைய ஒரு குறையா எடுத்துக்காம அதுக்கு ஏத்த மாதிரி ஆளையும் நேரத்தையும் குறைச்சிருக்காங்க. எஞ்சின் மாத்திப் பெருசாச் செஞ்சிருக்கலாமேன்னு சொல்றவங்க இருக்காங்க, நான் அந்தக் கட்சி இல்ல.

ஆரம்பமும் எனக்குப் பிடிச்ச ஒன்னு. பிளேன்ல இருந்து எல்லாரும் ஒரே ஊட்டுக் கூரையில குதிச்சு, யாருக்கு மொதல்ல துவக்கு கிடைக்குதோ அவன் மத்த அஞ்சு பேரக் கொல்ற கதை இங்க கிடையாது. எங்க இறங்குறதுன்னு மெட்ச் தொடங்குறதுக்கு முந்தியே கட்டத்துல தெரிவு செஞ்சிடணும், மத்தவங்க எந்தெந்தக் கட்டத்த எடுத்திருக்காங்கன்னும் தெரியும்.

குறைய மறைக்கக் கூடாது. எக்சோஜம்ப்னு ஒரு பூட் குடுத்தாங்க, அதைப் போட்டா கூரைக்குக் கூரை தாவலாம். விளையாட நல்லா இருக்கு, ஆனா கவுண்டர் ஸ்ட்ரைக்ல நின்னு நிதானமாச் சுட்டாத்தான் குண்டு நேராப் போகும், ஓடிக்கிட்டே சுட்டா செதறும், அதைப் பழகத்தான் ஆளுங்க வருஷக்கணக்கா மினக்கெட்டாங்க. அப்படிப் பழகுனவனுக்கு முன்னால காத்துல பறக்குற ஆள விட்டா அவன் பழகுனது எல்லாம் வீண். எனக்கு அது கடைசி வரைக்கும் ஒட்டவே இல்ல. ரெண்டாவது, அதிர்ஷ்டம். மொத அரை நிமிஷத்துல நீங்க கையால பெட்டியக் குத்திக் குத்தி உடைச்சிக்கிட்டு இருக்கும்போது பக்கத்துக் கட்டத்துக்காரனுக்கு பெட்டியில பிஸ்டல் கிடைச்சா அவ்வளவுதான், நீங்க செய்ய ஒன்னுமில்ல. உசிரு 100க்குப் பதிலா 120 குடுத்திருந்தாங்க, அது கொஞ்சம் தாங்கும், ஆனா போதாது. மூனாவது, கண்ணு. டேப்லட்டையே பாத்துக்கிட்டு நடக்குற பழக்கம் வந்துடும், அழகாச் செஞ்ச மெப்ப யாரும் பாக்கவே மாட்டாங்க. நல்ல மெப் டேப்லட்டக் கீழ போட வைக்கணும்.

மத்த கேம சுருக்கமாச் சொல்லிடுறேன். 2019 பெப்ரவரில வந்த ஏபெக்ஸ் லெஜன்ட்ஸ், 60 பேர், துவக்குச் சண்டை வேற ரகம், ஆனா அதுல இருக்குற பிங் சிஸ்டத்துக்கு நான் கும்பிடு போடுவேன். ஒரு பட்டன அமத்துனா "இங்க எதிரி", "இந்தத் துவக்கு இங்க கிடக்கு"ன்னு டீமுக்குப் போயிடும், வாய் தொறக்கத் தேவையில்ல. எங்க மாதிரி லயத்துல, தோட்டத்து வரிசை வீட்டுல, இருக்குறவங்களுக்குத்தான் இதோட அருமை தெரியும். ரெண்டு காம்பராவுக்கும் நடுவுல ஒரு செவருதான், மேல கூரைக்கும் செவருக்கும் நடுவுல திறந்து கிடக்கும், பக்கத்து காம்பராவுல விடிய வெள்ளன எந்திரிச்சு மலைக்குப் போற அத்தை தூங்குவாங்க. ராத்திரி பதினொரு மணிக்கு மைக்குல கத்த ஏலுமா? டேஞ்சர் சோன்ல ஆரம்பத்துல பேச்ச நம்பித்தான் டீம் ஆட்டம் இருந்துச்சு. வார்சோன் 2020 மார்ச்ல வந்துச்சு, 150 பேர், அங்கயும் சல்லி இருக்கு, கடை இருக்கு, செத்தா குலாக்னு ஒரு சிறையில சண்டை போட்டு ஜெயிச்சுத் திரும்ப வரலாம். ஆனா அங்க சல்லி சேத்து கடைசியில நீங்க முந்தியே செஞ்சு வச்ச உங்க சொந்த லோட்அவுட்ட, அதாவது துவக்கு செட்டத்தான் எடுக்குறீங்க, அதுனால ஒவ்வொரு மெட்ச்சும் ஒரே துவக்குல போயி முடியுது. எனக்கு அது பத்தல.

இனி எங்க மெப்ப வச்சு சொல்றேன், ஏன்னா டேஞ்சர் சோன் எவ்வளவு கவனமாச் செஞ்சதுன்னு அதுக்குள்ள இறங்குனாத்தான் புரியும். மேல பங்களா, நடுவுல ஸ்டோர் (தேயிலை ஃபெக்டரி), அதுக்குக் கீழ மடுவம் (கொழுந்து நிறுக்கிற கொட்டில்), அதுக்கும் கீழ லயம், அடியில ஆறு. நம்ம தோட்டம் எல்லாமே கிட்டத்தட்ட இந்த அமைப்புதானே. மொத டெஸ்ட்லயே தெரிஞ்சுது, பங்களாவ யார் மொதல்ல புடிக்கிறானோ அவன்தான் ஜெயிக்கிறான், மேல நின்னா மலை முழுக்கத் தெரியும், அந்தக் காலத்துல பங்களாவ அங்க கட்டுனதே அதுக்காகத்தான் போலன்னு தம்பி சொன்னான். அதுனால நோட்டுக் கட்டு எல்லாத்தையும் லயத்துக்கும் ஆத்துக்கும் இறக்குனோம். மேல இருக்குறவனுக்குப் பார்வை, கீழ இருக்குறவனுக்குச் சல்லி.

பெரிய தலைவலி தேயிலைச் செடி. கொழுந்து பறிக்கிற செடி இடுப்பளவு, சுமார் மூனு அடி, அதை 48 யூனிட்னு வச்சோம். கவுண்டர் ஸ்ட்ரைக்ல ஆள் குந்துனா உயரம் 54 யூனிட், ஆனா கண்ணு இருக்குறது 46ல. அப்ப என்னாகும்? செடிக்குப் பின்னால குந்துனவன் தான் நல்லா ஒளிஞ்சிருக்கோம்னு நினைப்பான், அவனுக்கு முன்னால செடியத் தவிர ஒன்னும் தெரியாது, ஆனா எதிர்ல வாறவனுக்கு அவன் உச்சந்தலை 6 யூனிட் தெரியும். மூனு நாள் இதுல செத்தோம், ஏன் சாகுறோம்னே தெரியல. பொறகு செடிய 40க்குக் குறைச்சோம், கவ்வாத்து வெட்டுன மலை மாதிரி. இப்ப குந்துனாலும் கண்ணு வெளிய தெரியும், முழுசா ஒளியணும்னா கானுக்குள்ள, மலையில தண்ணி ஓட வெட்டுன குழிக்குள்ள, இறங்கணும். கான்ல இறங்குனா வெளிய பாக்க ஏலாது. ஒளியிறதுக்கும் பாக்குறதுக்கும் ஒரே இடத்துல வசதி இருக்கக் கூடாதுங்கிறது அதுல இருந்து நாங்க படிச்சது, அதுக்குப் பொறகு ப்ளெக்சைட்ல போயி பாத்தா பதுங்குற இடம் எல்லாத்துலயும் அதே கணக்கு இருக்கு.

அடுத்தது மிஸ்ட். டேஞ்சர் சோன்ல சோன் மூடும்போது வானத்துல இருந்து குண்டு விழும், எங்களுக்கு அது வேணாம்னு பட்டுச்சு. இங்க பின்னேரம் மூனு மணிக்கு மேல மலை முகட்டுல இருந்து மிஸ்ட் இறங்குற மாதிரி, கட்டம் கட்டமா மிஸ்ட் வந்து மூடணும், உள்ள மாட்டுனவனுக்குக் கண்ணு தெரியக் கூடாது. ஆசையாச் செஞ்சோம். ஆனா சோர்ஸ் எஞ்சின் ஃபொக்க, அதாவது மிஸ்ட் காட்டுற வசதிய, பாக்குறவனோட கண்ணுக்குத்தான் போடுது, இடத்துக்குப் போடல. அதாவது மிஸ்ட்டுக்குள்ள நிக்கிறவனுக்கு எல்லாம் வெள்ளையாத் தெரியும், வெளிய நிக்கிறவன் பாத்தா உள்ள இருக்குறவன் பளிச்சுன்னு நிப்பான். அந்த ராத்திரி நாங்க ரெண்டு பேரும் தேத்தண்ணி குடிச்சுட்டு பேசாம உக்காந்திருந்தோம். ரெண்டு மாச வேலை அது.

பொறகு தம்பிதான் வழி சொன்னான். கட்டம் கட்டமா வேணாம் அண்ணே, எல்லாருக்கும் ஒரேயடியா மிஸ்ட் ஏறட்டும், நிமிஷத்துக்கு நிமிஷம் கூடட்டும். சோன் மூடுறது வழக்கம்போல மூடட்டும். செஞ்சு பாத்தோம், நெட்வேர்க் கேபிள் இழுத்து ஆறு பேர் ஒரு ஞாயித்துக்கிழமை விளையாடுனோம். ஆரம்பத்துல மலை முழுக்கத் தெரியுது, பங்களாக்காரன் ராஜா. ஆறாவது நிமிஷம் பங்களாவுல நிக்கிறவனுக்கு ஸ்டோர் கூடத் தெரியல, அவன் பார்வைக்கு மதிப்பே இல்ல, அப்ப எல்லாரும் டேப்லட் அப்கிரேட்டத் தேடி ஓடுறாங்க. மொத அஞ்சு நிமிஷம் கண்ணு, கடைசி அஞ்சு நிமிஷம் தகவல். கண்ணு டேப்லட்டுலயே கிடக்குதுன்னு மேல ஒரு குறை சொன்னேனே, அதுக்கு எங்களுக்குக் கிடைச்ச மருந்து இது, மொதப் பாதியில யாரும் டேப்லட்டப் பாக்கல.

விளையாடிப் பாக்க விரும்புறவங்களுக்கு: ஸ்டீம்ல கவுண்டர் ஸ்ட்ரைக் 2ஓட ப்ரொபர்டீஸ்ல பீட்டா பகுதிக்குப் போனா பழைய வெர்ஷன எடுக்கலாம், ஆனா ஒஃபிசியல் மெட்ச்மேக்கிங் அதுல கிடையாது, கூட்டாளிமாரச் சேத்துக்கிட்டு லேன்ல, கொம்பியூட்டர கேபிள்ல இணைச்சு, ஆடலாம். ஒரு வகையில அது நல்லது, நம்ம பக்கத்து நெட்டுல சிங்கப்பூர் சேர்வருக்குப் போனா மழை நாள்ல பிங் (சேர்வருக்குப் போயி வாற நேரம்) ஏறி, நீங்க மூலையில ஒளிஞ்சதுக்குப் பொறகும் செத்துக் கிடப்பீங்க. பழைய கொம்பியூட்டர்லயும் ஓடும். 2022ல ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரைக்கும் கரண்ட் வெட்டுன காலத்துல நாங்க விடாம விளையாடுன ஒரே பேட்டில் ரோயல் இதுதான், ஏன்னா கரண்ட் எப்ப வந்தாலும் போறதுக்கு முந்தி ஒரு மெட்ச் முடிச்சிடலாம்.

அஞ்சுக்கு நாலு குடுப்பேன். குறைச்ச ஒன்னு எக்சோஜம்ப்புக்கும் அந்த மொத அரை நிமிஷத்துக்கும். டெக்டிகல் ஷூட்டர்ல பேட்டில் ரோயல் செய்ய நினைக்கிற யாரா இருந்தாலும் மெப்ப வரையிறதுக்கு முந்தி இதுல ஒரு இருபது மெட்ச் ஆடுங்க, ஆடும்போது ஜெயிக்கப் பாக்காதீங்க, ட்ரோன் பின்னால நடந்து பாருங்க.

எங்க மெப்ல இன்னும் ஸ்டோர் மேல்மாடி முடியல. கொழுந்து வாட்டுற தட்டு வரிசை வரிசையா இருக்குற இடம், நாலு பக்கமும் ஜன்னல், ட்ரோன் உள்ள வர ஏலாது. அங்க நிக்கிறவன் ஓடர் பண்ணுனா பெட்டி முத்தத்துலதான் விழும், எடுக்க மூனு மாடி இறங்கணும். இறங்குற படி ஒன்னா ரெண்டான்னு ரெண்டு கிழமையா நானும் தம்பியும் சண்டை பிடிக்கிறோம்.